முன்வரிசைக்கு ஆள் எடுப்பவள்

எனக்குத் தெரிந்த வித்தை ஒன்றே ஒன்றுதான். ஒரு முகத்தைப் பார்த்தால் அது சிரிக்கிற முகமா, சிரிக்காத முகமா என்று சொல்லிவிடுவேன். அந்த நேரத்தில் வாய் சிரித்துக்கொண்டிருக்க வேண்டும் என்பதில்லை. கண்ணுக்குக் கீழே, கன்னம் தொடங்குகிற இடத்தில் கொஞ்சம் சதை இருக்கிறது. சும்மா இருக்கும்போதே அது துடித்துக்கொண்டிருந்தால் அந்த ஆள் நம்ம ஆள். அப்படிப்பட்டவர்களைப் பொறுக்கி எடுத்து முன்வரிசையில் உட்கார வைப்பேன். முன்வரிசை சிரித்தால் பின்வரிசை தானாகச் சிரிக்கும். வீட்டில் உட்கார்ந்து பார்க்கிறவர்களும் சேர்ந்து சிரிப்பார்கள். இதற்குத்தான் தொலைக்காட்சி நிலையத்தில் எனக்குச் சம்பளம். அந்த வேலைக்கு நீளமாக ஒரு பெயர் வைத்திருந்தார்கள், ஆனால் அதைச் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை. எல்லாருக்கும் நான் சிரிப்பக்கா.

தொலைக்காட்சி வந்து அப்போது மூன்று வருஷம்தான் ஆகியிருந்தது. குரலைப் பிடித்து வைக்க டேப் இருந்தது. படத்தைப் பிடித்து வைக்க எங்களிடம் எந்த வழியும் இல்லை. நடிப்பது நடிக்கும்போதே வீடுகளுக்குப் போய்விடும். வசனம் மறந்தால் மறந்ததுதான், கதவு திறக்கவில்லை என்றால் திறக்கவில்லைதான். வெள்ளிக்கிழமை மாலை ஏழு மணிக்கு எங்கள் நகைச்சுவை நாடகம். வாரம் ஒரு கதை. கணவன், மனைவி, அவர்களுக்குள் ஒரு தப்பர்த்தம். அது அரை மணி நேரம் வளர்ந்து வளர்ந்து கடைசியில் வெடிக்கும்.

நாடகத்தை எழுதும்போதே சிரிப்புக்கு இடம் விட்டு எழுதுவார்கள். அரை மணியில் ஐந்து நிமிஷம் சிரிப்புக்கு. ஜனங்கள் சிரிக்காவிட்டால் நாடகம் ஐந்து நிமிஷம் முன்னாலேயே முடிந்துபோகும். அப்புறம் நடிகர்கள் கேமராவைப் பார்த்துத் திருதிருவென்று விழிக்க வேண்டியதுதான்.

இந்த இடத்தில் என் தம்பியைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அதே நிலையத்தில் அவன் ஒலிப் பொறியாளர். வேலை வாங்கிக் கொடுத்தவள் நான். நன்றிக் கடனாக அவன் ஒரு பெட்டி செய்தான். பழைய நாடகங்களில் ஜனங்கள் சிரித்த சிரிப்பையெல்லாம் டேப்பில் பிடித்து, வெட்டி ஒட்டி, நாலு பொத்தான் வைத்த ஒரு மரப்பெட்டிக்குள் அடைத்துவிட்டான். முதல் பொத்தான் சின்னச் சிரிப்பு. இரண்டாவது பெண்கள் சிரிப்பு. மூன்றாவது பெரிய சிரிப்பு. நாலாவது கைதட்டல்.

"தப்பா எடுத்துக்காதக்கா," என்றான். "பெட்டிக்குத் தலைவலி வராது. பஸ் லேட்டாகாது. அழுத்தினா சிரிக்கும்."

"உன்ன சின்ன வயசுல இடுப்புல தூக்கி வச்சுக்கிட்டுத் திரிஞ்சேன் பாரு, என்னச் சொல்லணும்," என்றேன்.

மேனேஜருக்குப் பெட்டி பிடித்துப்போயிற்று. திங்கட்கிழமை என்னைக் கூப்பிட்டார்.

"இந்த வெள்ளிக்கிழமை ரெண்டையும் பார்த்துடலாம்மா. ஜனங்க நல்லா சிரிச்சா நாற்காலிங்க அப்படியே இருக்கட்டும். சிரிக்கலைன்னா தம்பி பெட்டியப் போடுவான். அது சரியா வந்துச்சுன்னா அடுத்த வாரத்துலேர்ந்து நாற்காலிங்கள எடுத்துட்டு, அந்த இடத்துல மூணாவது கேமரா வச்சுக்கலாம்."

"நான்?"

"உங்களுக்கு ஆபீஸ்ல ஏதாவது பார்ப்போம்."

ஆபீஸில் ஏதாவது என்றால் என்னவென்று எனக்குத் தெரியும். ஜன்னல் இல்லாத பின்னறை, வருகிற கடிதங்களைப் பிரித்து அடுக்குகிற மேஜை. அந்த மேஜையில் மனித முகம் எதுவும் வராது. எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. கூடவே பயமும் வந்தது. கோபத்தை வெளியே காட்டிக்கொண்டு பயத்தை வீட்டுக்குக் கொண்டுபோனேன்.

வீட்டில் அதை இறக்கி வைக்கத் தோதான ஆள் இல்லை. என் வீட்டுக்காரருக்கு எடைக்கல் சரிபார்க்கிற அரசாங்க வேலை. கடை கடையாகப் போய்த் தராசைத் தூக்கிப் பிடித்து, முள் நடுவில் நிற்கிறதா என்று பார்ப்பவர். அந்த முள் மாதிரியே அவரும். இந்தப் பக்கமும் சாய மாட்டார், அந்தப் பக்கமும் சாய மாட்டார். கல்யாணமாகிப் பதினெட்டு வருஷத்தில் அவர் வாய்விட்டுச் சிரித்து நான் கேட்டதில்லை. நான் எதையாவது சொல்லி விழுந்து விழுந்து சிரித்தால், முடிக்கும்வரை பொறுமையாகக் காத்திருந்து "சரி" என்பார். நல்ல மனிதர்தான். ஆனால் சிரிக்கிற முகம் இல்லை. அதைக் கல்யாணத்தன்றே பார்த்துத் தெரிந்துகொண்டேன்.

என் வேலையைப் பார்க்க அவர் ஒரு நாளும் வந்ததில்லை, நானும் கூப்பிட்டதில்லை. அந்த வெள்ளிக்கிழமை காலையில்தான் ஒரு பாஸை மேஜையில் வைத்தேன்.

"இன்னிக்கு வந்து பாருங்க. இதுவே கடைசியாகூட இருக்கலாம்."

பாஸை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். "எத்தனை மணிக்கு?"

"ஏழு. ஆறரைக்கே வரிசைல நின்னுடுங்க."

"நிக்கறேன்," என்றார். அவ்வளவுதான் பேச்சு.

எங்கள் கட்டடத்தின் அமைப்பைச் சொல்ல வேண்டும், ஏனென்றால் வினை அங்கேதான் இருந்தது. பெரிய பழைய கட்டடம். வலது பாதி எங்கள் ஸ்டுடியோ. இடது பாதி சுகாதாரத் துறையின் சொற்பொழிவு மண்டபம். நடுவில் ஒரே நடை, அதில் எதிரும் புதிருமாக இரண்டு கதவுகள். வெள்ளிக்கிழமைகளில் அந்த மண்டபம் பூட்டிக் கிடக்கும். அன்றைக்கு என்று பார்த்துத் திறந்திருந்தது. நடையில் இரண்டு வரிசைகள் நின்றன.

வாசல்காரர் என்னிடம் ஓடி வந்தார். "ரெண்டு வரிசை நிக்குதுக்கா. பக்கத்து ஹால்ல ஏதோ கூட்டமாம். பாஸ வாங்கிப் பார்த்துப் பிரிச்சு விடட்டுமா?"

நான் இரண்டு வரிசையையும் பார்த்தேன். இடது பக்கம் நின்றவர்கள் முகத்தில் ஈயாடவில்லை. வெயிலில் பஸ்ஸுக்கு நின்று, இங்கே வந்தும் நின்று, காலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தார்கள். முன்னால் நின்ற பெரியவர் கொட்டாவி விட்டார். வலது பக்கம் அறுபது இளம் பெண்கள், எல்லாரும் வெள்ளை உடுப்பில். நர்ஸ் பள்ளிக்கூடம் என்று பார்த்ததுமே தெரிந்தது. எங்களுக்குக் கூட்டமாக ஆள் வருவது புதிதில்லை. போன மாதம் தபால்காரர்கள் முப்பது பேர் வந்தார்கள். இந்தப் பெண்களில் ஒருத்தியின் செருப்பு வார் அறுந்துவிட்டது போல. அதைக் கையில் தூக்கிக்கொண்டு ஏதோ சொன்னாள், அறுபது பேரும் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து சிரித்தார்கள். கன்னத்துச் சதையா அது, தாரை தப்பட்டை. எனக்கு உடம்பு சிலிர்த்தது. மூன்று வருஷத்தில் அப்படி ஒரு வரிசை எனக்குக் கிடைத்ததில்லை.

"பாஸெல்லாம் எதுக்குங்க?" என்றேன். "மூஞ்சியப் பாருங்க. நம்ம கூட்டம் இதுதான். அத அந்தப் பக்கம் அனுப்பிடுங்க."

"ஒரு தடவை பார்த்துடறேனே."

"நான் பார்த்தா போதாதா?"

அவர் இடது வரிசையை எதிர் மண்டபத்துக்குத் திருப்பி விட்டார். என்னிடம் பேசி ஜெயித்தவர்கள் அந்த நிலையத்தில் குறைவு.

பெண்கள் உள்ளே வந்து உட்கார்ந்ததும் வழக்கம்போல முன்னால் போய் நின்றேன். நாடகம் தொடங்குவதற்கு முன் பத்து நிமிஷம் நான் பேசிச் சூடேற்றி விட வேண்டும். விளக்குகளின் சூடு முகத்தில் அடித்தது. என் உள்ளேயும் அதே அளவுக்குச் சூடு. கண்ணாடிக்குப் பின்னால், கட்டுப்பாட்டு அறையில் மேனேஜரும் டைரக்டரும் தம்பியும் தெரிந்தார்கள். தம்பியின் மடியில் அந்தப் பெட்டி.

"இங்க ஒரே சட்டம்தான்," என்றேன் பெண்களிடம். "சிரிப்பு வந்தா அடக்கக் கூடாது. அடக்கினா உடம்புக்கு ஆகாது."

முன்வரிசையில் செருப்பறுந்த பெண் ஒரு நோட்டை எடுத்து அதை எழுதிக்கொண்டாள்.

"என்னம்மா, எழுதிக்கறே?"

"இது பரீட்சைக்கு வருமா மேடம்?"

அடடா, என்ன வாய் என்று நினைத்தேன். நான் சிரித்த சிரிப்பில் எனக்கே புரையேறியது. என்னைப் பார்த்து அவர்களும் சிரித்தார்கள். கண்ணாடிக்குப் பின்னால் மேனேஜர் தலையாட்டினார். தம்பியைப் பார்த்து, பெட்டியைக் கீழே வை என்று கையால் சைகை காட்டினேன்.

அந்த நேரத்தில்தான் கதவைத் தள்ளிக்கொண்டு ஒரு அம்மாள் உள்ளே வந்தார். உயரம், வெள்ளை உடுப்பு, இடுப்பில் அகலமான கறுப்பு பெல்ட், கையில் ஒரு தோல்பை. அந்தப் பெண்களை மேய்க்கிற மேட்ரன் என்று பார்த்ததுமே தெரிந்தது. கடைசி வரிசைக்குப் போய் நின்று விரலால் தலைகளை எண்ணினார். அறுபது வந்ததும் உட்கார்ந்தார். அவ்வளவுதான். குழாயை மூடியது மாதிரி சிரிப்பு நின்றுபோயிற்று. அறுபது முதுகும் நிமிர்ந்தன. அறுபது நோட்டுகள் திறந்தன.

சிவப்பு விளக்கு எரிந்தது. எரிந்துவிட்டால் கதவு பூட்டப்படும். அரை மணிக்கு யாரும் வெளியே போக முடியாது, உள்ளே வரவும் முடியாது.

அன்றைய கதை இது. மனைவி ஆசையாக வாங்கிய ஆளுயரக் கண்ணாடியைக் கணவன் உடைத்துவிடுகிறான். திட்டு வாங்கப் பயந்து, நன்றாக இருக்கிற கைக்கு ஒரு கட்டுப் போட்டுக்கொண்டு, அடிபட்டவன் மாதிரி உட்கார்ந்துகொள்கிறான். மனைவி பதறுகிறாள். பக்கத்து வீட்டுக்காரர் வந்து பார்த்து, மனைவிதான் கையை ஓங்கிவிட்டாள் என்று நினைக்கிறார். ஒவ்வொருவர் வரும்போதும் கணவன் ஒரு பொய்யைக் கூட்டுகிறான். பொய் கூடக் கூடக் கட்டும் பெரிதாகிறது. கடைசிக் காட்சியில் தோள்வரை கட்டு. எங்கள் நாயகர் மேடையில் முப்பது வருஷம் நடித்துவிட்டு வந்தவர். கண்ணாடி உடைந்ததும் அவர் விழிக்கிற விழியைப் பார்த்தால் கல்லும் சிரிக்கும்.

கண்ணாடி உடைந்தது. நாயகர் விழித்தார். அறுபது பெண்களும் குனிந்து எழுதினார்கள்.

பேனா ஓடுகிற சத்தம் எனக்குக் கேட்டது. நாயகருக்கும் கேட்டிருக்க வேண்டும். சிரிப்புக்காக விட்ட இடைவெளியில் அவர் ஒரு கணம் தொங்கி நின்றுவிட்டு, அடுத்த வசனத்துக்குத் தாவினார். கட்டுப் போட்டுக்கொண்டார். பல்லால் துணியைக் கடித்து, காலால் இழுத்து, முடிச்சைக் கழுத்துக்குப் பின்னால் போட்டார். ஒத்திகையில் லைட் பிடிப்பவர்களே விழுந்து சிரித்த இடம் அது. முன்வரிசையிலிருந்து ஒரு பெருமூச்சு மட்டும் வந்தது.

ஓரமாகக் குனிந்து போய், செருப்பறுந்த பெண்ணின் நோட்டை எட்டிப் பார்த்தேன். 'நோயாளி: ஆண், வயது சுமார் ஐம்பது. காயம்: தெரியவில்லை. கட்டு: முற்றிலும் தவறு.' அடியில் கோடு வேறு போட்டிருந்தாள்.

"ஏம்மா," என்றேன் காதோடு. "நீங்கெல்லாம் எதுக்கு வந்திருக்கீங்க?"

"முதலுதவி செய்முறை விளக்கத்துக்கு மேடம். விபத்தை நடிச்சுக் காட்டுவாங்க, தப்பையெல்லாம் குறிச்சுக்கிட்டு வரணும்னு சொன்னாங்க."

"எங்கெங்க தப்பு?"

"எல்லா இடத்துலயும் மேடம்."

நான் வைத்த குண்டு என் காலடியிலேயே வெடித்திருந்தது. சிரிக்க வந்த ஜனங்கள் எதிர் மண்டபத்தில் உட்கார்ந்து முதலுதவி கற்றுக்கொண்டிருக்கிறார்கள். என் வீட்டுக்காரரும் அங்கேதான். என்னிடம் இருப்பது பரீட்சை எழுத வந்த அறுபது பேர்.

"இது விளக்கம் இல்லம்மா, நாடகம். சிரிப்பு நாடகம். சிரிங்க, தப்பில்ல," என்றேன்.

அவள் மெல்லத் திரும்பிக் கடைசி வரிசையைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். அது ஒரு சோதனை என்று நினைத்துவிட்டாள். "மாட்டி விடாதீங்க மேடம்," என்று சொல்லிவிட்டு எழுதத் தொடங்கினாள்.

கடைசி வரிசைக்குத் தவழாத குறையாகப் போனேன். "மேட்ரன், ஒரு விஷயம்," என்று வாயைத் திறந்தேன். அவர் மேடையிலிருந்து கண்ணை எடுக்காமல் உதட்டில் விரலை வைத்தார். எனக்குத் தலைக்கு மேல் மைக் தொங்குகிறது. சத்தம் போட்டுச் சொன்னால் நாட்டுக்கே கேட்கும். விரல் உதட்டிலேயே இருந்தது. அந்த விரலுக்கு முன்னால் நானும் பள்ளிக்கூடப் பெண்ணாகி வாயை மூடிக்கொண்டேன்.

கண்ணாடிக்குப் பின்னால் டைரக்டர் ஸ்டாப்வாட்சையும் நடிகர்களையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டாவது நிமிஷம் நடக்கிறது, நாடகமோ பதினாலாவது நிமிஷத்துக்கு ஓடிவிட்டது. மேனேஜர் தம்பியின் தோளைத் தட்டினார். தம்பி ஒரு தரம் என்னைப் பார்த்தான். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு பெட்டியை மடியில் எடுத்து வைத்தான்.

அந்தப் பெட்டியின் சத்தம் வீடுகளுக்கு மட்டும் போகாது. நடிகர்கள் சிரிப்பு முடியும்வரை காத்திருந்து பேச வேண்டும் அல்லவா, அதற்காக ஸ்டுடியோ ஒலிபெருக்கியிலும் விட ஏற்பாடு செய்திருந்தார்கள். பக்கத்து வீட்டுக்காரர் வந்து, நாயகரின் கட்டைத் தொட்டுப் பார்த்து "ரொம்ப வலிக்குதா?" என்றார். பெட்டி சிரித்தது. சின்னச் சிரிப்பு.

பெண்கள் திடுக்கிட்டு ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். மேட்ரன் தலையைத் தூக்கினார்.

நாயகர் வலிக்கிற மாதிரி ஒரு கத்துக் கத்தினார். பெட்டி இரண்டாவது பொத்தானுக்குப் போயிற்று. பெண்கள் சிரிப்பு.

மேட்ரன் எழுந்துவிட்டார். வரிசை வரிசையாக நடந்துவந்து ஒவ்வொரு முகமாகக் குனிந்து பார்த்தார். அறுபது வாயும் இறுக மூடியிருக்கின்றன. பெண்கள் சிரிக்கிற சத்தம் மட்டும் நிற்காமல் கேட்கிறது. தம்பி பொத்தான்களிலேயே கண்ணாக இருந்தான், இதையெல்லாம் பார்க்கவில்லை. சரியாக வேலை செய்கிறது என்ற சந்தோஷத்தில் இன்னொரு தரம் அழுத்தினான். மேட்ரன் ஒரு பெண்ணின் தாடையைப் பிடித்து நிமிர்த்திப் பார்த்தார். அந்தப் பெண் கண்ணில் நீர் தளும்ப, நான் இல்லை என்று தலையாட்டினாள்.

அடுத்தது நாயகர் முக்காலியிலிருந்து விழுகிற இடம். விழுந்தார். கட்டுப் போட்ட கை அடியில் மாட்டிக்கொள்ள, கால்கள் மேலே தூக்கிக்கொண்டு நின்றன. தம்பி மூன்றாவது பொத்தானை அழுத்தினான். ஸ்டுடியோ அதிரப் பெரிய சிரிப்பு.

மேட்ரனின் பொறுமை அங்கே முடிந்தது.

"யாரது சிரிக்கிறது?" என்றார். மருத்துவமனை நடையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குக் கேட்கிற குரல் அது. "ஒரு மனுஷன் அடிபட்டு விழுந்து கிடக்கறாரு. இதுல என்ன சிரிப்பு? வெக்கமா இல்ல?"

பெட்டி பதில் சொல்வது மாதிரி இன்னும் கொஞ்சம் சிரித்தது.

அவர் நடைபாதையில் இறங்கி மேடையை நோக்கி வந்தார். ஜனங்களை நாற்காலியிலேயே உட்கார வைப்பதுதான் என் பொறுப்பு. ஓடிப்போய்க் குறுக்கே நின்றேன். "மேட்ரன், போகக் கூடாது," என்றேன்.

"இதப் பிடிங்க," என்று தோல்பையை என் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். பிடித்துக்கொண்டேன். அவர் சொன்னால் யாராக இருந்தாலும் பிடித்துக்கொள்வார்கள்.

ஒரு கேமராவுக்கு முன்னால் நடந்து, மேடையில் ஏறி, நாயகரின் பக்கத்தில் முழங்கால் போட்டு உட்கார்ந்தார். நாயகி கையில் தண்ணீர்க் குவளையுடன் அப்படியே உறைந்து நின்றாள். கண்ணாடிக்குப் பின்னால் டைரக்டர் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். இத்தனையும் வீடு வீடாகப் போய்க்கொண்டிருக்கிறது.

"அசையாதீங்க," என்றார் மேட்ரன். "இத யாரு கட்டினது?"

நாயகர் முப்பது வருஷம் மேடையில் இருந்தவர் என்று சொன்னேன் அல்லவா. கண்ணை ஒரு தரம் சிமிட்டினார். "நானேதாம்மா," என்றார்.

"முடிச்ச கழுத்துக்குப் பின்னாடி போடுவாங்களா? எலும்புல அழுத்தாது? பக்கவாட்டுல போடணும்." பேசிக்கொண்டே கட்டைச் சுற்றிச் சுற்றி அவிழ்த்தார். துணி வந்துகொண்டே இருந்தது. தரையெல்லாம் துணி. கடைசியில் கை வந்தது. முழங்கையை மடக்கிப் பார்த்தார், விரல்களை நீவிப் பார்த்தார், வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். ஒரு கீறல் இல்லை.

"காயம் எங்கய்யா?"

கடைசிக் காட்சியில் வெளிவர வேண்டிய உண்மை நடுக்காட்சியில் வெளிவந்துவிட்டது. நாயகரிடம் வசனம் எதுவும் மிச்சம் இல்லை. அவர் எழுந்து உட்கார்ந்து, மேட்ரனின் காதருகில் குனிந்து, சின்னப் பிள்ளை மாதிரி, "கண்ணாடிய உடைச்சிட்டேம்மா. அவகிட்ட சொல்லிடாதீங்க," என்றார். நாயகி அவர் முதுகுக்குப் பின்னாலேயே நின்றுகொண்டிருந்தாள். அவளும் லேசுப்பட்டவள் இல்லை. குவளையைச் சத்தமில்லாமல் கீழே வைத்தாள், நிதானமாகக் கைகளைத் துடைத்துக்கொண்டாள்.

மேட்ரன் நாயகரைப் பார்த்தார், நாயகியைப் பார்த்தார், கழுத்தில் கிடந்த மீதித் துணியையும் இழுக்கப் போனார்.

"முழுசா அவுத்துடாதீங்கம்மா," என்றார் நாயகர். "இன்னும் அஞ்சு நிமிஷத்துல தேவைப்படும்."

மேட்ரன் நாயகியின் கையை ஒரு தரம் அளந்து பார்த்தார். தீவிரமாக யோசித்தார். "நீங்க சொல்றது சரிதான்," என்றார். "எந்தப் பக்கம் அடிப்பாங்கன்னு தெரியுமா? அந்தப் பக்கமே கட்டிடறேன்."

முன்வரிசையில் கிளுக்கென்று ஒரு சத்தம். செருப்பறுந்த பெண்தான். நோட்டை வாயில் அழுத்திக்கொண்டிருந்தாள், நோட்டு குலுங்கியது. பக்கத்தில் இருந்தவளுக்குத் தொற்றியது. இரண்டு வருஷமாக அவர்களைக் கண்ணாலேயே கட்டிப்போட்ட மேட்ரன், நாட்டுக்கே தெரிகிற மாதிரி ஒரு நல்ல கைக்கு மும்முரமாகக் கட்டுப் போட்டுக்கொண்டிருக்கிறார். எத்தனை நேரம்தான் அடக்குவார்கள்? மூன்றாவது வரிசையில் ஒருத்தி வாய்விட்டுச் சிரித்தாள். அதோடு அணை உடைந்தது. அறுபது பேரும் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு, மூச்சு வாங்கிக்கொண்டு சிரித்தார்கள். நோட்டுகள் கீழே விழுந்தன. யாரும் எடுக்கவில்லை.

நான் தோல்பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அந்த நடைபாதையில் நின்று அழுதேன். சந்தோஷத்தில்தான். சரியான முகங்களைத்தான் பொறுக்கியிருக்கிறேன். அவர்கள் எந்த வரிசையில் நின்றால் என்ன, எந்தக் கூட்டத்துக்கு வந்தால் என்ன.

கண்ணாடிக்குப் பின்னால் தம்பி பொத்தானை அழுத்திப் பார்த்தான். பெட்டியின் சத்தம் எங்கே போயிற்று என்றே தெரியவில்லை. இன்னொரு தரம் அழுத்தினான். பிறகு கையை எடுத்துவிட்டான். அவனும் சிரித்துக்கொண்டிருந்தான், மேனேஜரும்தான். சிரிப்புக்கு விட்டிருந்த ஐந்து நிமிஷம் போதாமல் கடைசிக் காட்சியின் பாதியை வெட்டினார் டைரக்டர். சிவப்பு விளக்கு அணையும்போதும் பெண்கள் நிறுத்தவில்லை.

மேட்ரன் இறங்கி வந்து பையை வாங்கிக்கொண்டார்.

"விளக்கம் ரொம்பப் பிரயோஜனமா இருந்துச்சு," என்றார். "ஆனா ஒண்ணு. ஆரம்பத்துல ஈவு இரக்கமில்லாம ஒரு ஆள் சிரிச்சானே, அவனப் பிடிச்சீங்களா?"

மேனேஜர் என் பக்கத்தில்தான் நின்றார். தம்பி பெட்டியை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான். நான் மேனேஜரைப் பார்த்தேன்.

மேனேஜர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "பிடிச்சாச்சு மேட்ரன்," என்றார். "இனிமே அவன இங்க விட மாட்டோம்."

அப்படித்தான் எங்கள் நாற்காலிகள் அத்தனையும் தப்பித்தன. எனக்கு அந்த நிமிஷம் நிலையத்தையே தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு ஓடலாம் போலிருந்தது. முகம் பார்ப்பதில் என்னை மிஞ்ச ஆள் இல்லை என்று வாசல்காரரிடம் சொல்லிக் காட்ட வேண்டும் என்று வெளியே வந்தேன்.

எதிர் மண்டபத்துக் கதவு திறந்தது. உள்ளேயிருந்து ஜனங்கள் சிரித்துக்கொண்டே வந்தார்கள். கொட்டாவி விட்ட பெரியவர் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர்களுக்குப் பின்னால் ஒரு டாக்டர், வியர்த்து விறுவிறுத்து, முகமெல்லாம் பல்லாக. "முப்பது வருஷமா இந்தப் பேச்சப் பேசறேன்," என்று கண்ணில் பட்டவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். "இன்னிக்குத்தான் ஒருத்தர்கூடத் தூங்கல."

கூட்டத்தின் கடைசியில் என் வீட்டுக்காரர் வந்தார். கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார். கண் சிவந்திருந்தது. எனக்குப் பகீரென்றது.

"என்னாச்சு உங்களுக்கு?"

"ஒண்ணுமில்ல," என்றார். பேச முடியவில்லை அவரால். கையைக் காட்டினார், கொஞ்சம் இரு என்று. "அந்த டாக்டரா வேஷம் போட்டவரு இருக்காரே. உதவிக்கு ஒருத்தனக் கூப்பிட்டு, வாயில ஊதி மூச்சு கொடுக்கறது எப்படின்னு காட்டறேன்னாரு. அந்த ஆளு, எனக்கு மூச்சு நல்லாத்தான் இருக்குன்னு ஓடறான். இவரு விடாம மேஜையச் சுத்தி..." அதற்கு மேல் முடியவில்லை. சிரித்தார். கட்டையான, கதவு கிறீச்சிடுகிற மாதிரி ஒரு சிரிப்பு. பதினெட்டு வருஷம் உபயோகிக்காமல் வைத்திருந்தது அல்லவா. நடையில் போகிறவர்கள் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சிரித்தார்.

"கேமராவ எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்கன்னுதான் தெரியல," என்றார். "உன் நாடகம் இவ்வளவு நல்லா இருக்கும்னு சொல்லவே இல்லையே நீ."

அவருடைய கண்ணுக்குக் கீழே பார்த்தேன். கன்னம் தொடங்குகிற இடத்தில் அந்தச் சதை துடித்துக்கொண்டிருந்தது. இன்றைக்குப் புதிதாக முளைத்திருக்காது. தினமும் காலையில் அந்த முகத்துக்கு எதிரே உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறேன். கல்யாணத்தன்று ஒரு தரம் பார்த்து முடிவு கட்டிவிட்டு, அப்புறம் நான் பார்க்கவே இல்லை. இன்றைக்கும் அந்த வரிசையில் நின்றவரைக் கவனிக்காமலே அந்தப் பக்கம் அனுப்பச் சொன்னேன்.

தம்பி எங்கள் பின்னால் வந்து நின்றிருந்தான். தோளில் டேப் மெஷின் தொங்கியது. "அக்கா, மாமா சிரிப்பு புது மாதிரியா இருக்கு. கொஞ்சம் பிடிச்சு வச்சுக்கட்டுமா?"

"தொட்டுப் பாரு, கைய ஒடிச்சுடுவேன்," என்றேன்.

அவர் கண்ணைத் துடைத்துக் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். முகம் மறுபடியும் தராசு முள் மாதிரி நடுவில் வந்து நின்றது. ஆனால் அதற்குள்ளே ஒரு சிரிப்பு இருப்பது இப்போது எனக்குத் தெரியும்.

"அடுத்த வெள்ளிக்கிழமையும் வாங்க," என்றேன். "முன்வரிசைல உங்களுக்கு இடம் போட்டு வைக்கறேன்."

"அந்த டாக்டர் வருவாரா?"

டாக்டர் படிக்கட்டில் இறங்கிக்கொண்டிருந்தார். அவரைப் பிடிக்க ஓடினேன்.